நான் கத்தக் கற்றுக்கொண்ட வருஷம்

புற்று வந்த குரல்வளையை முழுவதுமாக எடுத்துவிட வேண்டியிருக்கும் என்று டாக்டர் சொன்னதும் என் கணவர் கேட்ட முதல் கேள்வி, "அப்புறம் விசில் ஊத முடியுமா?" என்பதுதான்.

டாக்டர் வயதில் சின்னவர். நாங்கள் அழுவோம் என்று நினைத்து மேசை மேலிருந்த டிஷ்யூ பெட்டியை எங்கள் பக்கம் நகர்த்தி வைத்திருந்தார். விசிலைப் பற்றிக் கேட்பார்கள் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. திரும்பி என்னைப் பார்த்தார்.

"இவர் பாஸ்கெட்பால் கோச், டாக்டர். காலேஜ் டீம்," என்றேன்.

அவர் ஒரு தாளில் கழுத்தை வரைந்து காட்டினார். இனிமேல் மூச்சு, கழுத்துக்குக் கீழே போடப்போகும் துளை வழியாகத்தான் போய் வரும். வாய்க்கும் மூக்குக்கும் காற்று வராது. அதனால் பேச்சு மட்டுமல்ல, ஊதுவது, முகர்வது எல்லாமே போய்விடும். "ஸாரி சார், விசில் முடியாது," என்றார்.

என் கணவர் தலையை ஆட்டிவிட்டு எழுந்தார். வீட்டுக்குத் திரும்பும் பஸ் தோப்பும்படிப் பாலத்தில் ஏறியது. பாலத்தின் மேல் வண்டி நெரிசலில் நின்றபோது கரகரத்த குரலில் கேட்டார்: "விசில் இல்லாம பிராக்டிஸ நிறுத்தறது எப்படி?"

"கையைத் தட்டுங்க."

"பத்து பந்து ஒண்ணா அடிச்சிட்டு இருக்கும். கைதட்டு யாருக்குக் கேக்கும்?"

அதுவரை அந்த விளையாட்டை நான் ஒழுங்காகப் பார்த்ததுகூட இல்லை.

எங்கள் வீடு கொச்சி மட்டாஞ்சேரியில், அரண்மனைக்குப் பின்னால் போகும் சந்து ஒன்றில் இருக்கிறது. பல தலைமுறைகளாகத் தமிழ் பேசும் குடும்பங்கள் உள்ள சந்து. வீட்டுக்குள் தமிழ், வாசலைத் தாண்டினால் மலையாளம். நான் பள்ளியில் படித்ததெல்லாம் மலையாளம்தான். தமிழ் எழுத்தை அப்பா வாங்கும் வாரப் பத்திரிகைகளில் கூட்டிக் கூட்டிப் படித்துப் பழகினேன். பஜார் ரோட்டில் ஒரு மிளகுக் கம்பெனியின் ஆபீஸில் டைப்பிஸ்டாகச் சேர்ந்து, கம்பெனி இடம் மாறிப் போகும்வரை அங்கேயே இருந்தேன். ஆபீஸில் நான் பேசினால் பக்கத்து மேசைக்குக் கேட்காது. "டெலிபோன மாத்திரம் நீ எடுக்க வேண்டாம்" என்று மானேஜர் சொல்லி வைத்திருந்தார். எதிர்முனையில் இருப்பவர்கள் லைன் அறுந்துவிட்டது என்று நினைத்து வைத்துவிடுவார்களாம்.

எங்கள் வீட்டில் குரல் என்றால் அவருடையதுதான். பாலக்காட்டுப் பக்கத்துத் தமிழ்க் குடும்பம் அவருடையது. உயரத்துக்காகவே வேலை கிடைத்தவர். களமசேரியில் ஒரு தொழிற்சாலை, தன் பாஸ்கெட்பால் அணியில் ஆடுவதற்காக அவரை எடுத்துக்கொண்டது. தாலி கட்ட அவர் குனிந்த குனிவை என் சித்திகள் ரொம்ப நாள் சொல்லிச் சிரித்தார்கள். கல்யாணமாகிக் கொஞ்ச காலத்தில் முட்டி போயிற்று. ஆட முடியாதவருக்குத் தொழிற்சாலையில் பெரிய மரியாதை இருக்கவில்லை. அவர் அதை விட்டுவிட்டு உடற்கல்விப் பட்டம் படித்தார். எர்ணாகுளத்தில் கன்னியாஸ்திரீகள் நடத்தும் பெண்கள் கல்லூரி ஒன்றில் சேர்ந்தார்.

அங்கே அப்போது இருந்தது ஒரு சிமென்ட் தரையும் இரண்டு வளையங்களும். தரையில் ஒரு பெரிய விரிசல். ஒரு பக்கத்து வளையத்துக்கு மேலே தென்னை மரம். மட்டை விழும் என்று அந்தப் பக்கம் யாரும் நிற்க மாட்டார்கள். அதில்தான் அவர் தன் முதல் அணியைப் பழக்கினார். இடுக்கியிலிருந்தும் கோட்டயத்திலிருந்தும் உயரமான பெண்களைத் தேடிப் பிடித்துக்கொண்டு வந்தார். ரப்பர் வெட்டுகிறவர்கள், மீன் விற்கிறவர்கள், பஸ் ஓட்டுகிறவர்கள் பெற்ற பிள்ளைகள். வந்த புதிதில் பலருக்குத் தங்கள் உயரமே வெட்கம். கூன் போட்டு நடப்பார்கள். "முதல்ல நிமிந்து நிக்கச் சொல்லிக் குடுக்கணும். பந்து அப்புறம்" என்பார் அவர். அந்தப் பெண்களில் பலர் பிறகு ரயில்வேயிலும் மின்வாரியத்திலும் வேலைக்குப் போனார்கள். கல்லூரி அலமாரியில் கோப்பைகளுக்கு இடம் போதாமல் போயிற்று. விரிசல் விட்ட சிமென்ட் தரை போய், கூரை போட்ட உள்ளரங்கம் வந்தது.

பயிற்சியாளர் வேலையை அவருக்குச் சொல்லிக் கொடுக்க ஆளில்லை. எர்ணாகுளத்தில் நடைபாதையில் வாங்கிய ஒரு பழைய ஆங்கிலப் புத்தகம்தான் துணை. எழுதியவர் என் கணவர் பிறப்பதற்கு முன்பே அமெரிக்காவில் ஏதோ ஒரு கல்லூரி அணிக்குப் பயிற்சி கொடுத்தவர். படத்தில் டை கட்டி, ஒரு தாளைச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டு, தேவாலயத்தில் உட்கார்ந்திருப்பவர் போல அமைதியாக இருப்பார். பயிற்சியின்போது வேலையைச் சரியாகச் செய்திருந்தால் ஆட்டத்தின்போது பயிற்சியாளர் பேசவே வேண்டியதில்லை என்பது அவருடைய கட்சியாம். என் கணவர் அவரிடமிருந்து எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டார், அந்த ஒன்றைத் தவிர. முழுக்கைச் சட்டை போட்டார், தாளைச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டார், ஆட்டம் தொடங்கியதிலிருந்து முடியும்வரை தொண்டை கிழியக் கத்தினார்.

போர்ட் கொச்சியிலிருந்து காயலைத் தாண்டிப் போட்டில் போய் போட்டில் வருவார். ஆட்டம் முடிந்து வரும் நாட்களில் குரல் கட்டியிருக்கும். சுக்குக் காப்பி போட்டுக் கொடுப்பேன். இரண்டு நாளில் சரியாகிவிடும். அதனால்தான், ஓய்வு பெற்றபின் வருஷா வருஷம் ஒப்பந்தத்தில் அங்கேயே பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்த அந்தச் சமயத்தில், ஒரு மழைக்காலம் முழுக்கக் குரல் கட்டியே இருந்தபோதும் எங்களுக்கு உறைக்கவில்லை. சாயாவை விழுங்கும்போது வலிக்கிறது என்று அவர் சொன்ன பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனோம்.

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. துபாயில் இருக்கும் எங்கள் மகன் வந்து இருந்துவிட்டுப் போனான். கழுத்தில் காசளவு துளை. அதன் மேல் குழந்தைகளுக்குக் கட்டுவது போல ஒரு வெள்ளைத் துணி. குளிக்கும்போது தண்ணீர் போகாமல் பார்க்க வேண்டும், சளி அடைத்தால் உடனே துடைத்து எடுக்க வேண்டும். நர்ஸ் சொல்லிக் கொடுத்ததையெல்லாம் கற்றுக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்து முதல் தடவையாக நடக்கப் போனபோது பஜார் ரோடு வழியாக அழைத்துக்கொண்டு போனேன். கிட்டங்கிகளில் சுக்கு மூட்டைகளைக் கொட்டிக்கொண்டிருந்தார்கள். அந்த இடத்தைக் கடக்கும்போது எப்போதும் தும்முகிறவர் அவர். அன்று மூட்டைகளையே பார்த்தபடி நின்றார். பிறகு மூக்கைத் தொட்டுக் காட்டி, கையை விரித்தார்.

பேசுவதற்கு ஒரு கருவி கொடுத்திருந்தார்கள். டார்ச் விளக்கு மாதிரி இருக்கும். கழுத்தில் வைத்து அழுத்திக்கொண்டு வாயை அசைத்தால், வண்டு முரலுவது போல ஒரே சுருதியில் சொற்கள் வரும். ஒரு நாள் அதை வைத்து என் பெயரைச் சொன்னார். சொல்லிவிட்டு அவருக்கே அது பிடிக்காமல் மேசை இழுப்பறையில் போட்டு மூடினார். அதற்குப் பிறகு எங்களுக்குள் உதட்டசைவுதான். கல்யாணமாகி இத்தனை வருஷம் ஆனவர்களுக்கு அது பெரிய கஷ்டமில்லை. சாப்பாடு, மாத்திரை, மின்விசிறி, மகனுடைய போன். உதட்டைப் பார்த்தாலே தெரிந்துவிடும். தெரியாததை ஒன்றுக்கு இரண்டு தடவை சொல்வார். மூன்றாவது தடவை கோபம் வரும். சத்தமில்லாத கோபம். பல்லைக் கடித்துக்கொண்டு ஒவ்வொரு எழுத்தாக வாயை விரிப்பார்.

மழை விட்டதும் கல்லூரிக்குப் போக வேண்டும் என்றார். கூட ஒரு ஆள் இருக்க வேண்டும் என்று டாக்டர் சொன்னதால் நானும் கிளம்பினேன். கைக்குட்டைகள், வெந்நீர் பிளாஸ்க், கழுத்துத் துளையைப் பார்க்க ஒரு டார்ச் எல்லாவற்றையும் பையில் எடுத்துக்கொண்டு உள்ளரங்கத்தின் படிக்கட்டில் போய் உட்கார்ந்தேன். பெண்கள் வரிசையாக நின்று, "குட் மார்னிங் சார்" என்றார்கள். அவர் கையை உயர்த்தினார். ஒருத்தி அவருடைய கழுத்துத் துணியைப் பார்த்துவிட்டு முகத்தை மூடிக்கொண்டாள்.

பயிற்சி தொடங்கியது. அவர் பாலத்தின் மேல் சொன்னது அப்படியே நடந்தது. பந்துகளின் சத்தத்தில் அவர் கைதட்டுவது யாருக்கும் கேட்கவில்லை. கோட்டின் ஓரமாக ஓடி ஓடிக் கையை ஆட்டினார். பந்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறவர்கள் அவரை எப்படிப் பார்ப்பார்கள்? வளையத்துக்குக் கீழே நின்ற உயரமான பெண் ஒருத்தி கைகளைத் தொங்கவிட்டுக்கொண்டு நின்றாள். அவர் அவளைப் பார்த்து வாயை அசைத்தார். திரும்பத் திரும்ப அசைத்தார். நான் இருந்த இடத்திலிருந்து எனக்கு அந்த உதடு தெளிவாகத் தெரிந்தது. பந்து அவள் முகத்தை நோக்கி வந்துகொண்டிருந்தது.

"கையத் தூக்குடீ!"

அரங்கம் முழுக்க எதிரொலித்தது. எல்லோரும் நின்றுவிட்டார்கள். பந்து மட்டும் உருண்டுகொண்டே போயிற்று. கத்தியது நான்தான் என்று எனக்கே ஒரு கணம் கழித்துத்தான் தெரிந்தது. அந்தக் குரல் எங்கிருந்து வந்தது என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

அவர் திரும்பி என்னை வெகுநேரம் பார்த்தார். பிறகு விரலை மடக்கி, கீழே வா என்றார்.

அப்படித்தான் அது ஆரம்பித்தது. அவர் வீட்டு வழக்கப்படி தமிழில் உதட்டை அசைப்பார், நான் மலையாளத்தில் கத்துவேன். அவசரத்தில் பாதி நேரம் தமிழே வந்துவிடும். "பின்னாடி பாரு", "ஒதுங்கு", "விடாத, விடாத" என்று நான் கத்துவதைப் பெண்கள் சீக்கிரமே கற்றுக்கொண்டார்கள். தங்களுக்குள் சண்டை போட்டுக்கொள்ளும்போதுகூட "ஒதுங்குடீ" என்றார்கள். என்னைச் சேச்சி என்று கூப்பிட்டார்கள். விளையாட்டின் சட்டங்கள் எனக்கு அரைகுறையாகத்தான் தெரியும். ஸோன் என்பார், பிரஸ் என்பார், அப்படியே அதைக் கத்துவேன். என்ன அர்த்தம் என்று போட்டில் திரும்பி வரும்போது கேட்டுத் தெரிந்துகொள்வேன். ஒரு நாள் போட்டில் அந்தப் பழைய புத்தகத்தை எடுத்து வைத்துக்கொண்டிருந்தார். டை கட்டிய அமெரிக்கரின் படத்தைக் காட்டி, தன் நெஞ்சைத் தொட்டு, 'கடைசியில நானும் வாயை மூடிட்டேன்' என்று உதட்டை அசைத்தார். சிரித்தார். சிரிப்புக்கும் சத்தமில்லை, கழுத்துத் துணி மட்டும் துடித்தது. நானும் சிரித்துவிட்டு வைப்பின் தீவுப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

முதல் ஆட்டத்திலேயே பிரச்சினை வந்தது. பெஞ்சின் முன்னால் ஒருவர்தான் நிற்கலாம் என்பது விதி. நாங்கள் இரண்டு பேரும் நின்றோம். நடுவர் ஆட்டத்தை நிறுத்திவிட்டு வந்தார். தலை நரைத்த மனிதர். பல வருஷமாக என் கணவருடைய வசவுகளைக் கேட்டவர் என்று பிறகு தெரிந்தது.

"ஆராணு கோச்?" என்றார் என்னைப் பார்த்து.

"இவர்தான்."

"பின்னே நிங்களோ?"

என்ன சொல்வது என்று தெரியாமல், "சாரோட ஒச்ச," என்றேன். ஒச்ச என்றால் மலையாளத்தில் சத்தம், குரல்.

அவர் அப்போதுதான் கழுத்துத் துணியைப் பார்த்தார். விசிலை வாயிலிருந்து எடுத்தார். "சார் இரிக்கட்டே. சேச்சி நின்னோளு," என்றார்.

அன்றிலிருந்து அவர் உட்கார்ந்தார், நான் நின்றேன். ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கிறவளுக்கு முதுகுக்குப் பின்னால் இருக்கும் உதடு எப்படித் தெரியும்? அவர் என் முந்தானையைப் பிடித்து இழுப்பார். நான் திரும்பிப் பார்ப்பேன், படிப்பேன், மறுபடி திரும்பிக் கத்துவேன். அதற்குள் பந்து வேறெங்கோ போயிருக்கும். முதல் சில ஆட்டங்களில் நான் கத்தியதெல்லாம் முடிந்துபோன விஷயம். பிறகு அவர் மாறினார். நடப்பதைச் சொல்வதை விட்டுவிட்டு நடக்கப்போவதைச் சொல்ல ஆரம்பித்தார். 'இப்ப இடது பக்கம் வருவா' என்பார். நான் கத்தி முடிக்கவும் அந்தப் பெண் இடது பக்கம் வரவும் சரியாக இருக்கும். அவர் எப்படிப்பட்ட பயிற்சியாளர் என்பதை நான் அப்போதுதான் பார்த்தேன். அவ்வளவு காலம் சுக்குக் காப்பி போட்டுக் கொடுத்தவளுக்கு அதுவரை தெரியாது.

அந்த முதல் ஆட்டம் முடிந்ததும் நரைத்த தலை நடுவர் கைகொடுக்க வந்தார். "சாரே, இன்னிக்கு எனக்கு ஒரு வழக்கும் கிட்டியில்லல்லோ," என்றார். ஒரு திட்டும் கிடைக்கவில்லையே என்று. சிரிக்க முயன்றார், முடியவில்லை. என் கணவர் அவருடைய தோளைத் தட்டினார்.

அந்த வருஷம் அணி நன்றாக ஆடியது. இறுதி ஆட்டம் திருச்சூரில். அரங்கம் நிறைந்திருந்தது. எதிர் அணிக்கு மேளம் அடிக்க ஒரு கூட்டம் வந்திருந்தது. என் தொண்டையும் அதற்குள் பழகிவிட்டது, மேளத்துக்கு மேலே கத்தினேன். கடைசிவரை யாரும் யாரையும் விட்டுக் கொடுக்கவில்லை. முடிவதற்குச் சில நொடிகளே இருந்தபோது நாங்கள் ஒரு கூடை பின்னால் இருந்தோம். அவர் டைம் அவுட் கேட்டார். பெண்கள் ஓடி வந்து சுற்றி நின்றார்கள். வேர்வை சொட்ட, மூச்சு வாங்க, எல்லோரும் அவருடைய உதட்டையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்கள். அவர் பலகையில் ஒரு கோடு போட்டார். அப்போது இருமல் வந்துவிட்டது.

சளி அடைத்துக்கொண்டது. அவர் முகம் கறுத்தது. பேனா கீழே விழுந்தது. நான் அவரைத் திருப்பி, துணியை நீக்கித் துடைத்தேன். இன்னும் வந்தது. முதுகுக்குப் பின்னால் டைம் அவுட் முடிந்த மணி அடித்தது.

"சேச்சீ, எந்தா செய்யேண்டது?" என்றாள் அணித்தலைவி. வயநாட்டுப் பெண். எதற்கும் பதறாதவள். அன்று அவள் குரல் நடுங்கியது.

நான் அவருடைய வாயைப் பார்த்தேன். அது காற்றுக்காகத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தது. காற்று வரும் வழி அதுவல்ல என்பதை அவருடைய உடம்பு மறந்துபோயிருந்தது.

"உங்களுக்குத் தெரியும் மோளே. நீங்களே பாத்து ஆடுங்க," என்றேன்.

போனார்கள். பந்து வளையத்துக்குக் கீழே நின்ற உயரமான பெண்ணிடம் வந்தது. அவள் ஒரு கணம் தயங்கினாள். பெஞ்சைப் பார்த்தாள். பிறகு வெளியே நின்ற தலைவிக்கு எறிந்தாள். தலைவி தூரத்திலிருந்து வீசினாள். அது வளையத்தின் பின் விளிம்பில் பட்டு மேலே எழும்பி வெளியே விழுந்தது. ஹாரன் அடித்தது. மேளக்காரர்கள் உள்ளே ஓடி வந்தார்கள்.

அவருக்கு இருமல் அடங்கியிருந்தது. கடைசி வீச்சைப் பார்த்துவிட்டார்.

திரும்பி வரும் வண்டியில் ஜன்னலோரம் உட்கார்ந்து கொச்சி வரும்வரை வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். களைப்பு என்று நினைத்தேன். மறுநாள் காலையில் சமையலறைத் தரையில் பாட்டில் மூடிகளைப் பரப்பி வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டார். நீலம் நாங்கள், சிவப்பு அவர்கள். 'பந்து உள்ள வந்தாச்சு. அவ வளையத்துப் பக்கம் திரும்பியிருந்தா போதும், கூடை. எதுக்கு வெளிய எறிஞ்சா? நீ என்ன சொன்ன?'

"நீங்களே ஆடுங்கன்னேன்."

அவர் கண்ணை மூடித் திறந்தார். 'அது ஒரு கோச் சொல்ற பேச்சா?' ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார்.

"நீங்க இருமி இருமிச் செத்துப் போறீங்களோன்னு பயந்துட்டு நின்னேன். அப்ப எனக்கு நீல மூடியும் செவப்பு மூடியுமா தெரியும்?"

அவர் மூடிகளை வாரிக் குப்பையில் போட்டார். நாலைந்து நாள் என்னோடு உதட்டை அசைக்கவில்லை. நான் சமைத்தேன், துணியை மாற்றினேன், சளியைத் துடைத்தேன். எனக்குக் கோபமும் அழுகையும் வந்தது. ஆனால் அவருடைய கோபம் கட்டினவள் மேல் படுகிற கோபமில்லை என்று எனக்குத் தெரிந்தது. கூட வேலை செய்கிற ஒரு ஆள் மேல் படுகிற கோபம் அது. அதுவரை அப்படி ஒன்று எனக்கு அவரிடமிருந்து கிடைத்ததில்லை. ஐந்தாம் நாளோ ஆறாம் நாளோ, சாயா கொடுக்கும்போது என் முந்தானையை இழுத்தார். திரும்பினேன். 'அடுத்த வருஷம் அந்தக் குட்டிக்குத் திரும்பி வளையத்துல அடிக்கச் சொல்லிக் குடுக்கணும்,' என்றார்.

அடுத்த வருஷம் எங்களுக்கு வரவில்லை.

கல்லூரி திறக்கும் சமயத்தில் பிரின்சிபால் எங்களை அழைத்திருந்தார். நல்ல மனது உள்ள கன்னியாஸ்திரீ. சாயாவும் கேக்கும் வைத்தார். பிறகு என்னைப் பார்த்து, மெதுவாக, "சார் எத்ர கஷ்டப்பட்டு. இனி ஒந்நு ரெஸ்ட் எடுக்கட்டே. சாரிடம் நிங்கள் சொல்லணும்," என்றார்.

அவர் என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்.

"சிஸ்டர், அவருக்குக் காது கேக்கும்," என்றேன்.

பிரின்சிபாலின் முகம் சிவந்துவிட்டது. அவரைப் பார்த்து மன்னிப்புக் கேட்டார். புதிதாக ஒரு பயிற்சியாளரை நியமித்துவிட்டதையும் சொன்னார். என் கணவர் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு என் பக்கம் திரும்பினார். அவருடைய உதடுகள் அசைந்தன. நான் படித்தேன். அவர் என் கையைத் தட்டினார். சொல்லு.

"இந்த வருஷம் கப்பு வாங்கிடலாம்னு சொல்றார், சிஸ்டர்," என்றேன்.

பிரின்சிபால் ஜன்னல் பக்கம் பார்த்தார். வெளியே புதிய பெண்கள் விடுதிக்குப் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு போனார்கள். சாயாவைக் குடித்துவிட்டுக் கிளம்பினோம். அலமாரிக் கோப்பைகளின் முன்னால் அவர் நிற்பார் என்று நினைத்தேன். நிற்கவில்லை.

ஒரே ஒரு தடவை ஆட்டம் பார்க்கப் போனோம். எர்ணாகுளத்தில் நடந்த லீக் ஆட்டம். மேலே, கூட்டத்தோடு உட்கார்ந்தோம். புதிய பயிற்சியாளர் துடிப்பான இளைஞர். நன்றாகவே கத்தினார். என் கணவர் முன்னால் சாய்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். பாதி ஆட்டத்தில் என் முந்தானை இழுபட்டது. திரும்பினேன். 'வலது பக்கம் காலியா இருக்கு. வலது பக்கம் போகச் சொல்லு.'

நான் என்ன செய்வேன்? அங்கிருந்து கத்தினால் கீழே கேட்கும். அந்தப் பெண்களுக்கு என் குரல் தெரியும், திரும்பிப் பார்ப்பார்கள். புதிய பையனுக்கு அது எப்படி இருக்கும்? கத்தவில்லை. "ஆமாங்க, காலியாத்தான் இருக்கு," என்று அவருக்கு மட்டும் கேட்கும்படி சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு முந்தானையை விட்டுவிட்டுக் கையை மடியில் வைத்துக்கொண்டார். ஆட்டம் முடியும்வரை அந்தக் கை அங்கேயே இருந்தது. அதற்குப் பிறகு எந்த ஆட்டத்துக்கும் அவர் என்னைக் கூப்பிடவில்லை.

நோய் நுரையீரலுக்கு வந்திருப்பதாக அடுத்த பரிசோதனையில் சொன்னார்கள். மறுபடி ஆபரேஷன் வேண்டாம் என்று அவரே சொல்லிவிட்டார். அவ்வளவு பெரிய உடம்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டிலில் சிறுத்துக்கொண்டே வந்தது. கட்டிலுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் பாதங்கள் மட்டும் அப்படியே இருந்தன. கடைசி நாட்களில் நாள் முழுக்க உதடு அசைந்துகொண்டே இருந்தது. நான் பக்கத்தில் உட்கார்ந்து முகத்துக்கு நேராக முகத்தை வைத்துப் பார்ப்பேன். உதடு காய்ந்து, அசைவு தளர்ந்து, ஒரு எழுத்தும் பிடிபடவில்லை. "இன்னொரு தடவை சொல்லுங்க" என்பேன். சொல்வார். அப்போதும் புரியாது. மூன்றாவது தடவை வரும் அந்தக் கோபம்கூட வரவில்லை. ஒரு மழை நாள் காலையில், நான் துணி மாற்றிக்கொண்டிருக்கும்போதே போய்விட்டார்.

மகன் வந்து சேர்வதற்குள் செய்தி எப்படியோ பரவிவிட்டது. சந்து முழுக்கப் பெண்கள். அந்த வருஷத்து அணி, அதற்கு முந்தைய அணிகள், ரயில்வே பனியனோடு நேராக வந்தவர்கள், குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தவர்கள். எங்கள் வீட்டு நிலைப்படி தாழ்வு. ஒவ்வொருத்தியும் குனிந்து குனிந்துதான் உள்ளே வர வேண்டியிருந்தது. உள்ளே வந்தும் யாருக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை. சுவர் ஓரமாக வரிசையாக நின்றார்கள்.

பாடையைத் தூக்கும் நேரம் வந்தது. மகன் என் உயரம்தான். என் தம்பியும் அப்படித்தான். பின்னால் தோள் கொடுத்தவர்கள் அவருடைய பாலக்காட்டு உறவுக்காரர்கள், நெட்டையானவர்கள். தூக்கியதும் பாடை முன்பக்கம் சாய்ந்தது. அவருடைய உடல் சறுக்கியது. யாரோ பிடித்தார்கள். கீழே இறக்கிவிட்டு என்ன செய்வது என்று பேசிக்கொண்டிருந்தபோது வயநாட்டுப் பெண் முன்னால் வந்தாள்.

"சேச்சீ, ஞங்ஙள் எடுத்தோட்டே?"

பெரியவர் ஒருவர், "பெண்பிள்ளைகள் தூக்கற வழக்கம் கிடையாது," என்றார்.

நான் மகனைப் பார்த்தேன். அவன் ஒதுங்கி இடம் விட்டான். "தெருமுனை வரைக்கும் அவங்க தூக்கட்டும்," என்றேன். என் குரல் சந்தின் கோடிவரை கேட்டிருக்கும்.

சம உயரமுள்ள பெண்கள் ஆறு பேர் தூக்கினார்கள். பாடை துளிகூடச் சாயவில்லை. மழைத் தண்ணீர் தேங்கிய சந்தில், ஓட்டுக் கூரைகளின் இறவாரத்தை உரசாமல் தலையைச் சற்றே தாழ்த்தி, ஒரே அடியாக வைத்து நடந்தார்கள். யாரும் எதுவும் கத்தவில்லை. தெருமுனையில் வேன் நின்றது. ஏற்றினார்கள். ஆண்கள் ஏறிக்கொண்டார்கள். வேன் சுடுகாடு இருக்கும் பள்ளுருத்திப் பக்கம் திரும்பி மறைந்தது.

நானும் பெண்களும் அங்கேயே நின்றோம். ஒருத்தி என் கையைப் பிடித்துக்கொண்டாள். வளையத்துக்குக் கீழே கையைத் தொங்கவிட்டுக்கொண்டு நின்றவள்.

"சேச்சீ, சார் கடைசியா எந்தா பறஞ்ஞது?"

ஏதாவது சொல்லியிருக்கலாம். உங்களையெல்லாம் விசாரித்தார் என்றால் அவளுக்கு அது போதும். ஆனால் அவர் சொல்லாததை நான் ஒரு நாளும் சொன்னதில்லை.

"தெரியல மோளே," என்றேன். "நிறைய சொன்னார். எனக்குத்தான் புரியல."

மழை மறுபடி தூற ஆரம்பித்தது. வீட்டைக் கழுவிவிட வேண்டும் என்று பக்கத்து வீட்டம்மா வந்து சொன்னார். பெண்கள் ஒவ்வொருத்தியாகக் குனிந்து உள்ளே போனார்கள், வாளிகளையும் துடைப்பத்தையும் எடுத்தார்கள். நான் வாசலில் உட்கார்ந்து, உள்ளே தண்ணீர் கொட்டும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.